கன்சோல் கேம் எழுதும் கருவிகளை அப்டேட் செய்வது எப்படி: புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

கேம் பாய் அட்வான்ஸ், மெகா டிரைவ், நின்டெண்டோ 64 போன்ற பழைய கன்சோல்களுக்குச் சொந்தமாக கேம் எழுதும் ஆசையோடு வருகிறவர்களுக்கு முதல் சில வாரங்கள் நன்றாகவே போகும். கருவிகளை இறக்கி, உதாரண நிரலை பில்ட் செய்து, திரையில் ஒரு சின்ன உருவம் நகர்வதைப் பார்த்துவிட்டால் அப்புறம் உற்சாகத்துக்குக் குறைவில்லை. சிக்கல் கொஞ்ச நாள் கழித்துதான் வரும். கம்பைலரின் புதுப் பதிப்பு வந்திருக்கிறதே என்று அப்டேட் செய்தால், நேற்று வரை ஓடிய கேம் பில்ட் ஆக மறுக்கும். அல்லது பில்ட் ஆகி, கணினியில் கன்சோலைப் போலவே நடந்துகொள்ளும் மென்பொருளான எமுலேட்டரில் வெறும் கறுப்புத் திரையைக் காட்டும்.

இந்தக் கட்டத்தில் பலர் கேமையே கைவிட்டுவிடுகிறார்கள். இன்னும் சிலர் பயந்துபோய் பல வருடம் பழைய பதிப்பிலேயே இருந்துவிடுகிறார்கள். இரண்டுக்கும் அவசியமில்லை. கருவியை மாற்றுவதும் உங்கள் கேமில் நீங்கள் செய்யும் ஒரு மாற்றம்தான் என்று எடுத்துக்கொள்ளுங்கள். நிரலில் ஒரு வரி மாற்றினால் எப்படிக் குறித்துவைப்பீர்களோ, சோதிப்பீர்களோ, தேவைப்பட்டால் பின்வாங்குவீர்களோ, அதையெல்லாம் கருவிக்கும் செய்தால் போதும்.

உங்களிடம் இருப்பவை எவை

கருவி என்று பொதுவாகச் சொன்னாலும் அது நான்கைந்து மென்பொருள்களின் கூட்டம். சி நிரலை இயந்திர மொழியாக்கும் கம்பைலரும் துண்டுகளை இணைக்கும் லிங்கரும் முதலில் வரும். அவற்றோடு கன்சோலின் வன்பொருளை எளிதாக்கித் தரும் லைப்ரரி, படத்தையும் இசையையும் கன்சோல் புரிந்துகொள்ளும் வடிவத்துக்கு மாற்றும் கன்வர்ட்டர், கடைசியாக எமுலேட்டர். இவற்றை எழுதுகிறவர்கள் வேறு வேறு ஆட்கள். ஒவ்வொன்றும் தன் வேகத்தில் மாறும்.

நின்டெண்டோ கன்சோல்களில் பலவற்றுக்கு டெவ்கிட்ப்ரோ என்ற தொகுப்பு இருக்கிறது. அதில் டெவ்கிட்ஆர்ம் என்பது கேம் பாய் அட்வான்ஸ், டிஎஸ், 3டிஎஸ் மூன்றுக்கும், டெவ்கிட்பிபிசி என்பது கேம்கியூப், வீ, வீ யு ஆகியவற்றுக்கு, ஸ்விட்சுக்கு டெவ்கிட்ஏ64. பழைய கேம் பாய்க்கு சி மொழியில் எழுத ஜிபிடிகே-2020, செயலியின் கட்டளைகளையே நேரடியாக எழுதும் அசெம்பிளிக்கு ஆர்ஜிபிடிஎஸ். மெகா டிரைவுக்கு எஸ்ஜிடிகே, என்இஎஸ்ஸுக்கு சிசி65, நின்டெண்டோ 64-க்கு லிப்டிராகன், டிரீம்காஸ்ட்டுக்கு காலிஸ்டிஓஎஸ். இவை எல்லாமே ஆர்வலர்கள் திறந்த மூலமாக எழுதித் தருபவை.

எதில் தொடங்குவது என்று கேட்டால் நான் கேம் பாய் அட்வான்ஸைத்தான் சொல்வேன். 2001-இல் வந்த கன்சோல். 240க்கு 160 புள்ளித் திரை, சுமார் 16.78 மெகாஹெர்ட்ஸில் ஓடும் ஆர்ம் செயலி. வன்பொருள் முழுவதையும் ஒரு ஆள் தலைக்குள் வைத்துக்கொள்ள முடியும். அதே நேரம் சி மொழியில் தாராளமாக எழுத இடமும் உண்டு. கீழே வரும் உதாரணங்களில் பாதி அதிலிருந்துதான்.

அப்டேட்டைத் தொடும் முன்

முதல் வேலை, மாற்றங்களைப் பதிந்துவைக்கும் கிட் மென்பொருளில் நிரலை கமிட் செய்வது, அதாவது இப்போதைய நிலையைப் பதிவது. பாதி எழுதிய மாற்றம் எதுவும் தொங்கிக்கொண்டிருக்கக் கூடாது. அப்டேட்டுக்கென்று தனிக் கிளை ஒன்று போட்டுக்கொள்ளுங்கள்.

இரண்டாவது, இப்போது எந்தப் பதிப்பில் இருக்கிறீர்கள் என்று எழுதிவைப்பது. புதியவர்கள் அநேகமாக எல்லோருமே விட்டுவிடும் படி இது. நிரல் இருக்கும் ஃபோல்டரிலேயே ஒரு சாதாரண டெக்ஸ்ட் கோப்பைத் திறந்து கம்பைலர், லைப்ரரி, கன்வர்ட்டர், எமுலேட்டர் எல்லாவற்றின் பதிப்பு எண்ணையும் எழுதி, அதையும் கமிட்டில் சேர்த்துவிடுங்கள். டெவ்கிட்ப்ரோ என்றால் பொதிகளை நிர்வகிக்கும் அதன் பேக்மேன் கட்டளைக்குப் பின்னால் ஓர் இடைக்கோடும் பெரிய எழுத்து க்யூவும் போட்டால், நிறுவியிருக்கும் எல்லாப் பொதிகளும் எண்ணோடு பட்டியலாக வரும். அதை அப்படியே ஒட்டிவிடலாம்.

மூன்றாவது, இப்போதைய கருவியில் கேமை முழுவதுமாக ஒருமுறை பில்ட் செய்து கன்சோலில் ஓடும் அந்த ரோம் கோப்பைப் பத்திரப்படுத்துவது. அதோடு லிங்கர் எழுதும் மேப் கோப்பையும் எடுத்து வையுங்கள். எந்தச் செயல்கூறு எந்த முகவரியில் உட்கார்ந்திருக்கிறது, எவ்வளவு இடம் பிடிக்கிறது என்பதெல்லாம் அதில் இருக்கும். பிறகு ஒப்பிட இதைவிட நல்ல சாட்சி கிடையாது.

இங்கே ஒரு சின்னச் சோதனை. எதையும் மாற்றாமல் இரண்டு முறை பில்ட் செய்து, இரண்டு ரோம்களும் ஒரு பைட்கூட மாறாமல் இருக்கின்றனவா என்று பாருங்கள். மாறினால், நிரலில் எங்கோ பில்ட் ஆன தேதியையும் நேரத்தையும் செருகும் மேக்ரோ இருக்க வாய்ப்பு அதிகம். அதை எடுத்துவிடுங்கள். ஒரே மூலத்திலிருந்து எப்போதும் ஒரே ரோம் வந்தால்தான், பின்னால் வரும் வித்தியாசம் கருவியால் வந்தது என்று நிச்சயமாகச் சொல்ல முடியும்.

நான்காவது, திரும்பி வர வழி. ஜிபிடிகே, ஆர்ஜிபிடிஎஸ், எஸ்ஜிடிகே எல்லாம் சுருக்கிய கோப்பாகவே கிடைப்பதால் இது சுலபம். பழைய ஃபோல்டரின் மேல் புதியதைக் கொட்டாமல், பதிப்பு எண்ணைப் பெயரில் வைத்துத் தனித்தனி ஃபோல்டராக விரித்துக்கொள்ளுங்கள். எது வேண்டுமோ அதை, பில்ட் விதிகள் இருக்கும் மேக்ஃபைலில் சுட்டினால் முடிந்தது. டெவ்கிட்ப்ரோ அப்படி இல்லை. எல்லாம் ஒரே ஃபோல்டருக்குள் போய் உட்காரும், அப்டேட் செய்தால் பழையது போய்விடும். அதனால் அந்த ஃபோல்டரையே ஒரு நகல் எடுத்து வைக்க வேண்டும். கருவிகளை முழுச் சூழலோடு ஓர் இமேஜாக அடைத்துத் தரும் டாக்கர் பழக்கம் இருந்தால் இன்னும் சௌகரியம். டெவ்கிட்ப்ரோவின் டாக்கர் இமேஜ்களுக்குத் தேதியே குறிச்சொல்லாக இருக்கும். எந்தத் தேதியின் இமேஜில் பில்ட் செய்தீர்கள் என்று எழுதிவைத்தால், பிறகு அதே சூழலுக்குத் திரும்பலாம்.

அப்டேட் செய்தல்

இதற்கு முன் மாற்றக் குறிப்புகளைப் படியுங்கள். முழுவதும் புரியாவிட்டாலும் பரவாயில்லை. நீக்கப்பட்டது, பெயர் மாறியது, இயல்பு அமைப்பு மாறியது என்று சொல்லும் வரிகளை மட்டும் தேடினால்கூட பாதித் தலைவலி குறையும்.

டெவ்கிட்ப்ரோவில் டெர்மினலைத் திறந்து, பேக்மேன் கட்டளையோடு இடைக்கோடு, பெரிய எழுத்து எஸ், சின்ன எழுத்தில் ஒய், யு மூன்றையும் சேர்த்து அடித்தால் எல்லாப் பொதிகளும் ஒன்றாக மேலே வரும். அந்த யு-வை விட்டுவிட்டு, பட்டியலை மட்டும் புதுப்பித்து, பிறகு ஒரே ஒரு லைப்ரரியை மட்டும் ஏற்றுவது ஆபத்து. புது லைப்ரரி புது கம்பைலரை எதிர்பார்க்கும். பழைய கம்பைலர் பக்கத்தில் நின்றுகொண்டிருக்கும். ஒரே தொகுப்புக்குள் இருப்பவை ஒன்றாகத்தான் நகர வேண்டும். ஆனால் தொகுப்புக்கு வெளியே இருக்கும் எமுலேட்டரையும் கன்வர்ட்டரையும் அதே நாளில் மாற்றாதீர்கள். ஏதாவது கோளாறு வந்தால் யார் மேல் சந்தேகப்படுவது என்றே தெரியாமல் போய்விடும்.

விண்டோஸில் டெவ்கிட்ப்ரோ எம்சிஸ்2 சூழலுக்குள் ஓடுகிறது. அந்தச் சூழலே அப்டேட் ஆகும்போது ஜன்னலை மூடித் திறக்கச் சொல்லும். அப்படிச் சொன்னால் மூடித் திறந்து, அதே கட்டளையை மறுபடி அடியுங்கள்.

லினக்ஸில் முதல்முறை நிறுவியவர்களை அடிக்கடி மடக்கும் பிழைச்செய்தி ஒன்று உண்டு: டெவ்கிட்ஆர்ம் எங்கே இருக்கிறது என்று உங்கள் சூழலில் சொல்லுங்கள் என்கிற மாதிரி வரும். கருவி சரியாகத்தான் இருக்கிறது. அதன் இருப்பிடத்தைச் சொல்லும் சூழல் மாறிகள் அந்த டெர்மினலுக்கு இன்னும் தெரியவில்லை, அவ்வளவுதான். லாக் அவுட் செய்து மறுபடி உள்ளே வந்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். இன்னொன்று, கேம் இருக்கும் ஃபோல்டரின் பாதையில் எங்குமே இடைவெளி வேண்டாம். பில்டை நடத்தும் மேக் (make) மென்பொருளுக்கு இடைவெளி உள்ள பெயர்கள் ஆகவே ஆகாது.

அப்டேட் முடிந்ததும் முதல் கட்டளை, பழைய பில்டின் கோப்புகளை அழிக்கும் மேக் கிளீன். பழைய கம்பைலர் உருவாக்கிய இடைநிலை ஆப்ஜெக்ட் கோப்புகளும் புதியவையும் ஒரே ரோமுக்குள் கலக்கக் கூடாது. துண்டுகளை இணைக்கும்போது நிரலை மேலும் சீராக்கும் லிங்க் நேர உகப்பாக்கத்தை இயக்கியிருந்தால் பதிப்பு பொருந்தவில்லை என்று கம்பைலரே கத்தும். இயக்காதவர்களுக்கு அந்த எச்சரிக்கைகூட வராது. நீங்களே பில்ட் செய்து வைத்திருக்கும் லைப்ரரிகளையும் இதே நேரத்தில் புதிதாக பில்ட் செய்துவிடுங்கள்.

பில்ட் உடைந்தால்

பிழைச்செய்தி திரை முழுக்க ஓடினாலும் முதல் பிழையை மட்டும் படியுங்கள். மற்றவை பெரும்பாலும் அதன் தொடர்ச்சிதான். அந்த முதல் பிழை, ஜிசிசி கம்பைலர் என்றால், அனேகமாகக் கீழே உள்ளவற்றில் ஒன்றாக இருக்கும்.

ஒரே மாறி பல இடங்களில் வரையறுக்கப்பட்டிருக்கிறது என்று லிங்கர் சொன்னால், காரணம் 2020-இல் வந்த ஜிசிசி 10. ஹெடர் கோப்பில், வரையறை வேறிடத்தில் இருக்கிறது என்று சொல்லும் எக்ஸ்டெர்ன் போடாமல் ஒரு பொது மாறியை எழுதி, அந்த ஹெடரைப் பல சி கோப்புகளில் சேர்த்திருந்தால், முன்பு கம்பைலர் அவற்றைச் சத்தமில்லாமல் ஒன்றாக்கிவிடும். அந்தப் பதிப்பிலிருந்து அப்படிச் செய்வதில்லை. ஹெடரில் எக்ஸ்டெர்ன் போட்டு, ஒரே ஒரு சி கோப்பில் வரையறுத்தால் தீரும்.

அறிவிக்காத செயல்கூறை அழைக்கிறாய், பொருந்தாத பாயின்டரைக் கொடுக்கிறாய் என்று வந்தால் 2024-இல் வந்த ஜிசிசி 14. முன்பு வெறும் எச்சரிக்கையாக இருந்தவை இதில் முழுப் பிழைகளாகிவிட்டன. எச்சரிக்கையைப் படிக்காமலே பழகிய நிரல்கள் இதில்தான் கொத்தாக விழுகின்றன. பழைய நடத்தைக்குத் திருப்பும் கொடிகள் உண்டு. ஆனால் உங்கள் சொந்த நிரலில் அவற்றைப் போடாதீர்கள், விடுபட்ட ஹெடரைச் சேருங்கள்.

பூல், ட்ரூ, ஃபால்ஸ் என்ற பெயர்களில் பிழை வந்தால் 2025-இல் வந்த ஜிசிசி 15. அதில் சி மொழியின் இயல்புத் தரம் சி23-க்கு மாறியது. இந்த மூன்றும் மொழியின் சொந்தச் சொற்களாகிவிட்டன. பழைய பாடங்களைப் பார்த்து எழுதிய கேம் பாய் அட்வான்ஸ் நிரல்களில் பூல் என்பதை இன்ட் வகைக்கு மறுபெயராக வைத்திருப்பார்கள். அந்த வரியை நீக்கினால் பில்ட் ஆகிவிடும். ஆனால் அங்கேயே நின்றுவிடாதீர்கள். இன்ட் 4 பைட், உண்மையான பூல் 1 பைட். சேமிப்புக் கோப்பில் அப்படியே எழுதும் ஸ்ட்ரக்டுக்குள் அந்த மாறி இருந்தால், அதற்குப் பின்னால் உள்ளவை எல்லாம் இடம் மாறிவிடும், ஆட்டக்காரர்களின் பழைய சேமிப்பு குப்பையாகப் படிக்கப்படும். சேமிப்பு ஸ்ட்ரக்டுகளில் எத்தனை பிட் என்று வெளிப்படையாகச் சொல்லும் வகைகளை மட்டும் பயன்படுத்துவது இதனால்தான்.

உள் நினைவகம் நிரம்பி வழிகிறது என்று லிங்கர் சொல்வதும் உண்டு. கேம் பாய் அட்வான்ஸின் வேகமான உள் நினைவகம் வெறும் 32 கிலோபைட். புது கம்பைலர் சில செயல்கூறுகளை விரித்து எழுதினால், ஓரத்தில் நின்றுகொண்டிருந்த கேம் எல்லையைத் தாண்டிவிடும். பழைய மேப் கோப்பையும் புதியதையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் எது பெருத்தது என்று உடனே தெரியும். அவசரம் இல்லாத ஒரு செயல்கூறை ரோமுக்கு அனுப்பிவிட்டால் போதும்.

பில்ட் ஆகிறது, ஆனால் ஓடவில்லை

இதுதான் நிஜமாகவே கஷ்டமான இடம், கற்றுக்கொள்ள நிறைய இருக்கும் இடமும்கூட.

மிகச் சாதாரணமாக நடக்கும் ஒன்றைப் பக்கத்தில் போய்ப் பார்ப்போம். கேம் பாய் அட்வான்ஸின் திரை மேலிருந்து கீழாகக் கோடு கோடாக வரையப்படுகிறது. மொத்தம் 228 கோடுகள். முதல் 160 கண்ணுக்குத் தெரிபவை, மீதி 68 கோட்டு நேரம்தான் படத்தை மாற்ற நமக்குக் கிடைக்கும் இடைவேளை. இப்போது எந்தக் கோடு என்பதைப் பதினாறடிமான முகவரி 04000006-இல் உள்ள, வன்பொருளின் நிலையைக் காட்டும் ரெஜிஸ்டர் சொல்லும். புதியவர்கள் எழுதும் முதல் காத்திருப்பு லூப், இந்த ரெஜிஸ்டரில் உள்ள எண் 160-க்குக் கீழே இருக்கும் வரை சுற்று என்பதுதான். அந்த முகவரியை வோலட்டைல், அதாவது நிரல் தொடாமலே மாறக்கூடியது, என்று குறிக்காமல் விட்டால், கம்பைலர் பார்வையில் அது சாதாரண நினைவிடம். லூப்புக்குள் யாரும் அதை மாற்றவில்லையே, ஒருமுறை படித்தால் போதும் என்று முடிவுசெய்து, அந்த எண்ணைச் செயலிக்குள்ளேயே வைத்துக்கொள்ளும். எண் மாறாது, லூப் முடியாது, திரை கறுப்பு.

பழைய பதிப்பு இதே நிரலை அதிர்ஷ்டவசமாக வேறு மாதிரி மொழிபெயர்த்திருக்கலாம். அதனால் அப்டேட் கெடுத்துவிட்டது என்று தோன்றும். பிழை முதல் நாளிலிருந்தே நிரலில் இருந்தது. வன்பொருள் ரெஜிஸ்டர்கள், வன்பொருள் செயலியை இடைமறிக்கும் குறுக்கீட்டு வேளையில் மாறும் மாறிகள், எல்லாவற்றுக்கும் வோலட்டைல் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். லூப்பில் சுற்றிக் காத்திருப்பதைவிட, லிப்ஜிபிஏ, லிப்டாங்க் லைப்ரரிகள் இரண்டிலும் உள்ள, அந்த 68 கோட்டு இடைவேளைக்குக் காத்திருக்கும் விபிளாங்க் செயல்கூறை அழைப்பது இன்னும் நல்லது. செயலி அதுவரை ஓய்வெடுக்கும், பேட்டரியும் மிச்சமாகும்.

கேம் பாய் பக்கம் வேறு கதை. ஜிபிடிகே உள்ளே பயன்படுத்துவது எஸ்டிசிசி கம்பைலர். முன்பு அது செயல்கூறுக்குத் தரும் மதிப்புகளை ஸ்டாக் என்ற தற்காலிக நினைவகத்தில் வைத்து அனுப்பியது. 2022-இல் அந்த முறை மாறி, முதல் மதிப்பு 8 பிட் என்றால் செயலிக்குள் உள்ள ஏ ரெஜிஸ்டரிலும், 16 பிட் என்றால் டிஇ ஜோடியிலும் போகத் தொடங்கியது. சி நிரலுக்கு இதனால் லாபம்தான், வேகம் கூடுகிறது. கையால் எழுதிய அசெம்பிளிச் செயல்கூறுகள்தான் மாட்டிக்கொண்டன. அவை வழக்கம்போல ஸ்டாக்கில் போய்த் தேடி, அங்கே கிடந்த ஏதோ ஒன்றை எடுத்துக்கொள்ளும். பிழைச்செய்தி எதுவும் வராது. பழைய பாடங்களிலிருந்து இசை டிரைவரை எடுத்து ஒட்டியவர்களுக்கு இது அடிக்கடி நடக்கும். அந்தச் செயல்கூறின் அறிவிப்பில் ஓல்ட்கால் என்ற குறியைச் சேர்த்தால் கம்பைலர் அதை மட்டும் பழைய முறையில் அழைக்கும்.

அசெம்பிளியிலேயே எழுதுகிறவர்களும் தப்பவில்லை. ஆர்ஜிபிடிஎஸ்ஸின் பழைய பதிப்புகள் செயலியைக் காத்திருக்க வைக்கும் ஒவ்வொரு ஹால்ட் கட்டளைக்குப் பின்னும் தாமாகவே, எதுவும் செய்யாத ஒரு நாப் கட்டளையைச் செருகும். கேம் பாய் செயலியில் ஒரு வன்பொருள் பிழை இருப்பதுதான் காரணம்: குறுக்கீடுகளை அணைத்து வைத்திருக்கும்போது ஒரு குறுக்கீடு காத்துக்கொண்டிருந்தால், ஹால்ட்டுக்கு அடுத்த பைட் இரண்டு முறை படிக்கப்படும். பிற்காலப் பதிப்புகள் அந்தச் செருகலை நிறுத்திவிட்டன. ஆகவே அப்டேட் செய்கிறவர், தேவையான இடங்களில் நாப்பைத் தன் கையால் எழுத வேண்டும். எனக்கு இந்த மாற்றம் பிடித்திருக்கிறது. எழுதியது மட்டுமே ரோமில் இருக்க வேண்டும் என்பதற்காகத்தானே அசெம்பிளிக்கு வருகிறோம்.

எமுலேட்டரும் ஒரு கருவிதான்

பழைய எமுலேட்டர்கள் பல விஷயங்களில் தாராளம் காட்டும். உதாரணமாக, கேம் பாயில் ஒரு கோடு வரையப்பட்டுக்கொண்டிருக்கும்போது படநினைவகத்தில் எழுதினால் வன்பொருள் அதைக் கண்டுகொள்ளாது. பழைய எமுலேட்டர் சிலவற்றில் அது எழுதப்பட்டுவிடும், கேமும் அழகாக ஓடும். சேம்பாய், எம்ஜிபிஏ மாதிரியான துல்லியமான எமுலேட்டருக்கு மாறிய அன்று படங்கள் சிதறும். எமுலேட்டரைக் குறைசொல்லாமல் கேமைத் திருத்துங்கள், உண்மையான கன்சோலிலும் அப்படித்தான் சிதறும். முடிந்தால் உங்கள் ரோமை ஏற்றிக்கொள்ளும் ஒரு ஃப்ளாஷ் கார்ட்ரிட்ஜ் வாங்கி நிஜக் கன்சோலிலேயே ஓட்டிப் பாருங்கள்.

எம்ஜிபிஏ-வோடு, பிழை தேட உதவும் ஜிடிபி டிபக்கரை இணைக்க முடியும். கறுப்புத் திரையில் நின்றுபோன கேமை நிறுத்தி, எந்த வரியில் மாட்டிக்கொண்டிருக்கிறது என்று பார்த்தால், மேலே சொன்ன வோலட்டைல் பிழையைச் சில நிமிடங்களில் பிடித்துவிடலாம்.

சோதிக்கும்போது தலைப்புத் திரையைப் பார்த்ததும் திருப்திப்பட்டுவிடாதீர்கள். பழைய ரோமில் சேமித்த கோப்பைப் புது ரோமில் திறங்கள். திரையில் உருவங்கள் மிக அதிகமாக வரும் கட்டத்தில் வேகம் குறைகிறதா என்று பாருங்கள். இசை நீண்ட நேரம் ஓடட்டும். எல்லாம் சரி என்றால் கிளையை இணைத்து, பதிப்பு எண் எழுதிய டெக்ஸ்ட் கோப்பையும் அதே கமிட்டில் மாற்றுங்கள்.

இன்றைய கன்சோல்களுக்கு எழுதுபவர்கள்

பிளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ், ஸ்விட்ச் ஆகியவற்றின் அதிகாரபூர்வக் கருவிகளைப் பெற அந்தந்த நிறுவனத்தோடு ரகசிய ஒப்பந்தம் போட வேண்டும். உள்ளே இருப்பதை வெளியே பேச முடியாது. வழிமுறையில் மட்டும் பெரிய மாற்றமில்லை. ஒரு கூடுதல் கட்டாயம் உண்டு: கேமைச் சரிபார்ப்புக்கு அனுப்பும்போது கருவியின் பதிப்பு ரொம்பப் பழையதாக இருக்கக் கூடாது. அதனால் அப்டேட்டை வருடக்கணக்கில் தள்ளிப்போட முடியாது, திட்டத்திலேயே அதற்கு நேரம் ஒதுக்க வேண்டும்.

யூனிட்டி, கோடோ போன்ற எஞ்சின்களில், புதுப் பதிப்பில் ப்ராஜெக்ட்டைத் திறந்தவுடன் கோப்புகள் புது வடிவத்துக்கு மாற்றப்படும். பழைய பதிப்பு அவற்றைத் திரும்பப் படிக்கும் என்று நம்ப முடியாது. எப்போதும் நகலைத்தான் திறக்க வேண்டும்.

எப்போது செய்வது, எப்போது வேண்டாம்

கேமை வெளியிட இன்னும் சில வாரம்தான் இருக்கிறது என்றால் கருவிகளைத் தொடாதீர்கள். உங்களைத் தொந்தரவு செய்யும் ஒரு குறிப்பிட்ட பிழையைப் புதுப் பதிப்பு தீர்க்கிறது என்றால் மட்டும் விதிவிலக்கு. மற்றபடி, ஒரு பகுதி முடிந்து அடுத்தது தொடங்கும் இடைவெளிதான் நல்ல நேரம். பல பதிப்புகளைத் தவறவிட்டிருந்தால் நேராகக் கடைசிப் பதிப்புக்குத் தாவாமல், கிடைக்கிற இடைப்பட்ட பதிப்புகளில் ஒன்றிரண்டில் நின்று பில்ட் செய்து பாருங்கள். எது எங்கே உடைந்தது என்று பிரித்துப் பார்க்க அது உதவும்.

எவ்வளவு பார்த்தும் தீராவிட்டால் கருவியை எழுதுகிறவர்களிடம் தயங்காமல் கேளுங்கள். கேட்கும்போது பழைய பதிப்பு எண், புதிய பதிப்பு எண், எந்த இயங்குதளம், முதல் பிழைச்செய்தியின் முழு வாசகம் ஆகிய நான்கையும் ஸ்கிரீன்ஷாட்டாக இல்லாமல் எழுத்தாக ஒட்டுங்கள். கேம் முழுவதையும் அனுப்பாமல், கோளாறு தெரியும் அளவுக்கு நிரலைப் பத்திருபது வரியாகச் சுருக்கி அனுப்புங்கள். அந்தச் சுருக்கும் வேலையின் பாதியிலேயே காரணம் பல நேரம் உங்களுக்கே பிடிபட்டுவிடும்.